வங்க முஸ்லிம்களின் 'சவ்காத்': படம் போட்ட ஒரு பத்திரிகையின் வரலாறு

முஸ்லிம்கள் நடத்தும் பத்திரிகையில் உருவப்படம் போடலாமா? நூறாண்டுகளுக்கு முன் வங்க முஸ்லிம்களிடையே இது பெரிய சர்ச்சை. கூடாது என்றே ஆலிம்கள் பலர் கருதினார்கள். அதே காலத்தில் கல்கத்தாவின் 'பிரபாசி' போன்ற மாத இதழ்கள் வண்ணப்படங்களோடு வந்துகொண்டிருந்தன. ஆனால் அவற்றில் முஸ்லிம் வீடுகளின் வாழ்க்கை அரிதாகவே இடம்பெற்றது.

இந்தக் குறையைப் போக்க 1918-ன் இறுதியில் கல்கத்தாவில் தொடங்கப்பட்டதுதான் 'சவ்காத்' என்னும் சித்திர இலக்கிய மாத இதழ். சவ்காத் என்றால் அன்பளிப்பு. இதைத் தொடங்கிய முஹம்மது நஸீருத்தீன், சாந்த்பூர் பகுதியில் 1888-ல் பிறந்தவர். செல்வந்தர் அல்லர், இன்சூரன்ஸ் ஏஜெண்டாக வேலை பார்த்தவர்.

பெண் கல்விக்காகப் பாடுபட்ட பேகம் ருகையா இதில் எழுதினார். கராச்சியில் பட்டாளத்தில் இருந்த காஜி நஸ்ருல் இஸ்லாம் என்ற இளைஞரின் கதை 1919-ல் இதில் வெளியானது. பின்னாளில் பங்களாதேஷின் தேசியக் கவி என்று போற்றப்பட்டவர் அவர்தான்.

பணமுடை காரணமாக 1922-ல் இதழ் நின்றுபோனது. நஸீருத்தீன் தளரவில்லை, 1926-ல் மீண்டும் கொண்டுவந்தார். சுஃபியா கமாலின் முதல் கவிதை அச்சேறியதும் அந்த ஆண்டில்தான். பள்ளிக்கூடம் செல்லும் வாய்ப்பில்லாமல் வீட்டிலேயே வங்கமொழி கற்ற அப்பெண்ணுக்கு அப்போது வயது 15.

1929-ல் பெண்களின் எழுத்துக்கென்றே ஒரு சிறப்பிதழ் வந்தது. எழுதிய பெண்களின் புகைப்படங்களும் அதில் இடம்பெற்றன. கண்டனங்கள் எழுந்தன, ஆனாலும் பெண்களின் எழுத்துக்கு இதழில் இடம் குறையவில்லை.

1947 ஜூலை 20 அன்று, பெண்களுக்கென்றே 'பேகம்' என்ற வார இதழை நஸீருத்தீன் தொடங்கினார். அதன் முதல் ஆசிரியர் சுஃபியா கமால். அவருக்குப் பின் நஸீருத்தீனின் மகள் நூர்ஜஹான் பேகம், 2016-ல் மறையும் வரை அப்பொறுப்பில் இருந்தார். பிரிவினைக்குப் பின் இரு இதழ்களும் டாக்காவுக்குச் சென்றன. நஸீருத்தீன் 1994-ல், தம் 105-ஆம் வயதில் காலமானார்.

எழுதும் ஆற்றல் எந்தச் சமுதாயத்திலும் உண்டு. அதை வாங்கி அச்சிட ஓர் இடம் வேண்டும்; நஷ்டம் வந்தாலும் அந்த இடத்தை மூடாத ஒருவர் வேண்டும். நம் வீட்டுப் பிள்ளை ஒரு கவிதையை நீட்டும்போது நாம் என்ன செய்கிறோம் என்பதிலும் அது தொடங்குகிறது.