‘நஞ்சு கீழே இருக்கு’ என்கிறதா ஸ்கேன்? பதற்றமும் வேண்டாம், அலட்சியமும் வேண்டாம்!

ஐந்தாம் மாத ஸ்கேன் ரிப்போர்ட்டில் ‘பிளசென்டா பிரீவியா’ என்று பார்த்ததும் பலர் செய்யும் முதல் வேலை, கூகுளில் தேடிப் பயந்துபோவதுதான். ‘இனி நார்மல் டெலிவரியே கிடையாதா?’, ‘குழந்தைக்கு ஏதாவது ஆகிடுமா?’ எனக் கேள்விகள் வரிசைகட்டும்.

அப்படின்னா என்ன?

குழந்தைக்கு ஆக்சிஜனும் ஊட்டமும் தரும் நஞ்சு, வழக்கமாகக் கருப்பையின் மேல்பகுதியில் ஒட்டியிருக்கும். கீழே ஒட்டி, கருப்பை வாயை மூடினால் பிளசென்டா பிரீவியா. மூடாமல் 2 செ.மீ.க்குள் இருந்தால் ‘தாழ்ந்த நஞ்சு’.

தானாகச் சரியாகுமா?

ஐந்தாம் மாதத்தில் இப்படித் தெரிபவர்களில் சுமார் 10-ல் 9 பேருக்குப் பிரசவத்துக்குள் சரியாகிவிடும். கருப்பையின் கீழ்ப்பகுதி வளர்ந்து நீளும்போது நஞ்சும் வாயிலிருந்து விலகும். அதனால் 32-வது வாரத்தில் மறு ஸ்கேன் அவசியம். அப்போதும் விலகாவிட்டால் 36-வது வாரத்தில் இன்னொன்று. பிறப்புறுப்பு வழியாக எடுக்கும் ஸ்கேன்தான் துல்லியமானது, பாதுகாப்பானதும்கூட.

யாருக்கு ஆபத்து அதிகம்?

* ஏற்கெனவே சிசேரியன் ஆனவர்கள்
* முன்பு இதே பிரச்சினை இருந்தவர்கள்
* 35 வயதைக் கடந்தவர்கள்
* இரட்டைக் குழந்தை, ஐ.வி.எஃப். கர்ப்பம்
* புகைப்பிடிப்பவர்கள்

தேசியக் குடும்பநல ஆய்வின்படி (2019-21) தமிழ்நாட்டில் 44.9% பிரசவங்கள் சிசேரியன். பழைய தழும்பின் மீதே நஞ்சு அமர்ந்தால், கருப்பைச் சுவருக்குள் ஊடுருவிப் பிரசவத்தின்போது பிரியாமல் போகலாம். ‘அக்ரீட்டா’ எனப்படும் இந்நிலையில் ரத்தப்போக்கு கட்டுக்கடங்காமல், கருப்பையையே அகற்றவும் நேரலாம். இவர்களுக்கு ரத்த வங்கியுள்ள பெரிய மருத்துவமனையே பாதுகாப்பு.

எப்போது ஓட வேண்டும்?

வலியே இல்லாமல் பளிச்சென்ற சிவப்பில் ரத்தம் வந்தால், 108-ஐ அழையுங்கள். ‘அதான் நின்னுடுச்சே’ என்று இருந்துவிடக் கூடாது. அடுத்தமுறை அதிகமாக வரலாம். மருத்துவமனைக்குள் நுழைந்ததுமே ‘நஞ்சு கீழே இருக்கு’ என்று சொல்லிவிடுங்கள். விரல்விட்டுச் செய்யும் பரிசோதனை ரத்தப்போக்கைத் தூண்டிவிடும்.

என்ன செய்யலாம்?

நாள் முழுக்கப் படுத்தே கிடந்தால் நஞ்சு மேலே ஏறாது. தாம்பத்திய உறவு, பயணம் பற்றி மருத்துவரிடம் கேளுங்கள். இரும்புச்சத்து மாத்திரையைத் தவறவிடாதீர்கள். ரத்தம் இழக்க நேர்ந்தால் அதுதான் கையிருப்பு. நெகட்டிவ் ரத்த வகையினருக்கு ரத்தப்போக்கு ஏற்பட்டால் ஆன்டி-டி ஊசி தேவைப்படும்.

கடைசிவரை நஞ்சு வாயை மூடியே இருந்தால் சிசேரியன்தான் வழி. ரத்தப்போக்கு இல்லாதவர்களுக்குப் பொதுவாக 36-37 வாரங்களில் தேதி குறிப்பார்கள். அதுவரை ஸ்கேன் ரிப்போர்ட், ரத்த வகை விவரம் இரண்டும் போனில் இருக்கட்டும். எந்த மருத்துவமனை, யார் கூட வருவார்கள் என்பதையும் இன்றே பேசி வைத்துவிடுங்கள்.