சிவப்புத் தொப்பியும் வரிப் பனியனும்

ஹரியாணா மாநிலம் சூரஜ்குண்டில் 2022 அக்டோபர் மாதம் மாநில உள்துறை அமைச்சர்களின் மாநாடு நடைபெற்றது. அதில் 28-ஆம் தேதி உரையாற்றிய பிரதமர் நரேந்திர மோடி, நாடெங்கும் காவல் துறைக்கு ஒரே சீருடை இருந்தால் என்ன என்றொரு யோசனையை முன்வைத்தார். அதை மாநிலங்கள் மீது திணிக்க விரும்பவில்லை என்றும், சிந்தித்துப் பார்க்குமாறும் கேட்டுக்கொண்டார்.

அந்த யோசனை என்றேனும் செயலுக்கு வருமானால், பெரும்பாலான மாநிலங்களில் மாற்றம் சிறிதாகவே இருக்கும். காக்கியின் அடர்த்தி கூடலாம், குறையலாம். தோள்பட்டைச் சின்னம் மாறலாம். கொல்கத்தா காவல் துறை தன் வெள்ளைச் சீருடையை இழக்க நேரிடும். புதுச்சேரி இழக்கக்கூடியது வேறெங்கும் காணக் கிடைக்காத ஒன்று. அது, காக்கி உடைக்கு மேல் எங்கள் காவலர்கள் அணியும் சிவப்பு நிறக் 'கெப்பி'.

உருளை வடிவம், தட்டையான மேற்பகுதி, முன்பக்கம் சிறு விளிம்பு எனப் பார்த்தவுடன் பிரான்ஸை நினைவூட்டும் தொப்பி அது. சுற்றுலாப் பயணிகள் அதைப் படம் பிடிக்கிறார்கள். உள்ளூர்வாசிகளான எங்களுக்கு அது கண்ணுக்குப் பழகிப்போன ஒன்று. ஆனால், காலனியச் சின்னங்களைக் களைவது குறித்த விவாதம் வலுத்துவரும் இக்காலத்தில், அந்தத் தொப்பி இருக்க வேண்டுமா, போக வேண்டுமா என்ற கேள்வியை நாமே எழுப்பிக்கொள்வது நல்லது. டெல்லியில் யாரோ முடிவெடுத்த பிறகு வருந்துவதைவிட அது மேல்.

நான் வாழும் வீராம்பட்டினத்தில் இந்தக் கேள்வியைத் தவிர்க்க முடியாது. மீனவர்களின் ஊரான இங்கு செங்கழுநீர் அம்மன் கோயிலின் ஆடித் தேரோட்டத்தில் ஆட்சித் தலைவர் வடம் பிடிப்பது வழக்கம். பிரெஞ்சு ஆளுநர்கள் பிடித்த அதே வடத்தை இன்று துணைநிலை ஆளுநர் பிடிக்கிறார். சூழ்ந்து நிற்கும் கூட்டத்தை ஒழுங்குபடுத்தும் பணியில் சிவப்புத் தொப்பிகள். தேர் எங்களுடையது, அம்மன் எங்களுடையவள். ஆளுநர் வடம் தொடும் வழக்கமும், காவலரின் தலையிலுள்ள தொப்பியும் அந்நிய ஆட்சியிலிருந்து வந்தவை. இருந்தும் இவற்றில் எதையும் அந்நியமாக இவ்வூர் கருதுவதில்லை. இரவல் பொருள் எப்போது சொந்தப் பொருளாகிறது என்பதே இங்கு விளங்கிக்கொள்ள வேண்டியது.

இதற்கு விடை தேடினால், உலகிலேயே மிகத் தெளிவான எடுத்துக்காட்டு ரஷியப் படையினரின் வரிப் பனியன்தான். வெள்ளையும் நீலமுமாகக் குறுக்குக் கோடுகள் ஓடும் அந்த உள்ளாடையை ரஷியர்கள் 'தெல்னியாஷ்கா' என்பர். உடல் என்று பொருள்படும் ரஷியச் சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது. ரஷிய வீரத்தின் அடையாளமாகவே அந்நாட்டவர் அதைக் கொண்டாடுகிறார்கள். ஆனால் அதன் பூர்விகமும், எங்கள் தொப்பியைப் போலவே, பிரான்ஸ்தான்.

பிரெஞ்சுக் கடற்படை 1858 மார்ச் 27-ஆம் தேதியிட்ட ஆணையின் மூலம் வரிப் பனியனைக் கடலோடிகளின் சீருடையில் சேர்த்தது. உடல் பகுதியில் 20 மில்லிமீட்டர் அகலத்தில் 21 வெள்ளைப் பட்டைகள். அவற்றுக்கிடையே 10 மில்லிமீட்டர் அகலத்தில் 20 அல்லது 21 அவுரி நீலப் பட்டைகள் என்று அந்த ஆணை அளவோடு வரையறுத்தது. அந்த 21 என்பது நெப்போலியனின் வெற்றிகளின் எண்ணிக்கை என்றொரு கதை உண்டு. அதைக் கதையாகவே கொள்ள வேண்டும். கப்பலிலிருந்து கடலில் விழுந்தவரை அலைகளுக்கிடையே கண்டுகொள்ள வரிகள் உதவும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். கடலில் ஆளைத் தேடிய அனுபவமுள்ள எந்த மீனவ ஊருக்கும் அந்த விளக்கம் எளிதில் புரியும்.

1874-இல் ரஷியக் கடற்படை இதே உடையை ஏற்றது. கடற்படையின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர், சீர்திருத்த நாட்டம் கொண்ட இளவரசர் கான்ஸ்தந்தீன் நிக்கலாயெவிச். கம்பளியும் பருத்தியும் கலந்து பின்னப்பட்ட பனியன், குளிர்க் கடலில் உடலோடு ஒட்டி வெப்பம் காத்தது. வெள்ளைப் பட்டை அகலமாகவும் நீலப் பட்டை அதன் நான்கில் ஒரு பங்காகவும் இருந்த அமைப்பு, 1912-இல் இரண்டும் சம அகலம் என்றானது. இதுவரை அது ஓர் அரசாணையின் கதை மட்டுமே. மரபு பிறந்தது அதன் பிறகுதான்.

1917 புரட்சியில் பால்டிக் கடற்படையின் மாலுமிகள் முன்னணியில் நின்றபோது, வரிப் பனியன் புரட்சியின் முகமாயிற்று. ஐசன்ஸ்டைனின் 'போர்க்கப்பல் பொட்டம்கின்' திரைப்படம் 1925-இல் அந்த முகத்தை உலகெங்கும் கொண்டுசென்றது. இரண்டாம் உலகப் போரில் கப்பல்களை விட்டிறங்கித் தரையில் போரிட அனுப்பப்பட்ட மாலுமிகளுக்குத் தரைப்படையின் சீருடை தரப்பட்டது. அவர்கள் அதன் உள்ளே பனியனை விடாமல் அணிந்தார்கள். தாக்குதலின்போது மேற்சட்டையின் கழுத்துப் பொத்தான்களைத் திறந்து வரிகள் தெரியும்படி முன்னேறினார்கள். பகைவரின் கண்ணுக்குத் தம்மை மறைத்துக்கொள்வதைவிடத் தாம் யார் என்று காட்டுவதே அவர்களுக்குப் பெரிதாக இருந்தது.

1941-இல் லெனின்கிராட் களத்தில் அத்தகைய மாலுமிகளின் பனிச்சறுக்குப் படையணி ஒன்றுக்குத் தலைமை ஏற்றவர் வசீலி மார்கெலோவ். பிற்காலத்தில் சோவியத் வான்குடைப் படையின் தளபதியான அவர், தம் வீரர்களுக்கும் வரிப் பனியன் வேண்டுமென்று வாதாடினார். கடற்படைத் தளபதி கார்ஷ்கோவ் அதை விரும்பவில்லை. எனினும் 1969-இல் வெளிர்நீல வரிகளோடு அது வான்குடைப் படையின் அதிகாரபூர்வ உடையாயிற்று. இன்று எல்லைக் காவலர்க்குப் பச்சை வரி, பேரிடர் மீட்புப் படையினர்க்கு ஆரஞ்சு வரி என்று நிறங்கள் பெருகிவிட்டன. கடலையே காணாத படைகளும் கடலோடியின் பனியனை அணிகின்றன.

இந்த வரலாற்றில் நான் காண்பது இதுதான்: சீருடையை அரசு வழங்கலாம்; மரபை அணிபவரே உண்டாக்குகிறார். பாரிஸில் வரையறுக்கப்பட்ட ஒரு துணியை, அதை அணிந்தவர்கள் தங்கள் துன்பத்தாலும் உயிராலும் ரஷியத் துணியாக்கினார்கள். பிறப்பிடம் எது என்ற கேள்வி அங்கு பொருளிழந்து போனது.

அணிபவர் மனம் ஏற்காத சீருடைக்கு என்ன நேரும் என்பதற்கு நம் மண்ணிலேயே சான்று உண்டு. சென்னை மாகாணத் தலைமைத் தளபதி ஜான் கிரடாக், சிப்பாய்களுக்குப் புதிய தலைப்பாகை ஒன்றை அறிமுகப்படுத்தினார். அதில் தோலாலான குஞ்சம் இருந்தது. நெற்றியில் சமயக் குறிகள் கூடாது, காதணி கூடாது, தாடி இருக்கக் கூடாது என்ற விதிகளும் சேர்ந்தன. மறுத்தவர்களுக்குக் கசையடி கிடைத்தது. 1806 ஜூலை 10 அதிகாலையில் வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தனர். நூற்றுக்கும் மேற்பட்ட ஆங்கிலேயப் படையினர் மாண்டனர். கிளர்ச்சியை அடக்கியபோது அதைவிடப் பல மடங்கு சிப்பாய்கள் கொல்லப்பட்டனர். உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. கிரடாக்கும் ஆளுநர் வில்லியம் பெண்டிங்கும் திரும்ப அழைக்கப்பட்டனர். கிளர்ச்சிக்குப் பின்னால் அரசியல் காரணங்களும் இருந்தன என்றாலும், தீப்பொறி ஒரு தொப்பியிலிருந்துதான் பறந்தது.

மரபு என்பதற்காகவே ஒன்றைப் பற்றிக்கொள்வதும் ஆபத்தானது. முதல் உலகப் போருக்கு முன்பு, பிரெஞ்சுப் படையின் சிவப்புக் காற்சட்டையைக் கண்ணில் படாத நிறத்துக்கு மாற்ற வேண்டுமென்று போர் அமைச்சர் அடோல்ஃப் மெஸ்ஸிமி முயன்றார். தேசத்தின் பெருமையையே களைவதாகக் கூறி அதைத் தடுத்தார்கள். 1914 ஆகஸ்டில் பிரெஞ்சுக் காலாட்படை சிவப்புக் காற்சட்டையுடனேயே இயந்திரத் துப்பாக்கிகளின் முன் சென்றது. பேரிழப்புக்கு அது மட்டுமே காரணமன்று. ஆனால், அடுத்த ஆண்டே நீலச் சாம்பல் நிறச் சீருடையும் இரும்புத் தலைக்கவசமும் வந்துவிட்டன. பெருமைக்கு விலை கொடுத்தவர்கள் அந்த முடிவை எடுத்தவர்கள் அல்லர்.

மரபின் பொருள் தலைகீழாக மாறுவதும் உண்டு. சோவியத் வான்குடைப் படையின் வெளிர்நீலத் தொப்பி, சோவியத் ஒன்றியம் சிதறிய பின்னும் ரஷியாவுக்கும் உக்ரைனுக்கும் பொதுவாகவே இருந்தது. 2014-க்குப் பிறகு அந்த நிறம் உக்ரைனியர்களுக்கு வேறொன்றாகத் தெரிந்தது. 2017-இல் அவர்கள் நீலத்தைத் துறந்து அரக்குச் சிவப்புக்கு மாறினார்கள். எதிரே துப்பாக்கியுடன் நிற்பவனின் அடையாளத்தைத் தானும் சூடியிருக்க எந்தப் படையால் முடியும்?

இவற்றையெல்லாம் மனத்தில் கொண்டு நம் நாட்டைப் பார்ப்போம். 2022 செப்டம்பர் 2 அன்று, ஐ.என்.எஸ். விக்ராந்த் படையில் சேர்க்கப்பட்ட நாளில், இந்தியக் கடற்படை தன் கொடியிலிருந்து புனித ஜார்ஜ் சிலுவையை நீக்கியது. சத்ரபதி சிவாஜியின் முத்திரையை நினைவூட்டும் எண்கோண வடிவம் இடம்பெற்றது. 2023 டிசம்பரில் கடற்படை உயரதிகாரிகளின் தோள்பட்டைச் சின்னங்களும் மாற்றப்படும் என்று அறிவிக்கப்பட்டது. இம்மாற்றங்களை நான் குறைகூறவில்லை. சிலுவை, அதைச் சுமந்த பேரரசின் கொடியிலிருந்து நேரே வந்தது. அதை நீக்குவதில் நியாயம் உண்டு.

புதுச்சேரித் தொப்பியின் கதை சற்று வேறு. கெப்பியும் காலனியத்தின் குழந்தையே. 1830-களில் அல்ஜீரியாவைக் கைப்பற்றப் போரிட்ட பிரெஞ்சுப் படையினர், கனத்த உயரத் தொப்பிக்கு மாற்றாக அணியத் தொடங்கிய இலேசான தொப்பியிலிருந்து உருவானது அது. இதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் காக்கி மட்டும் என்ன? 1840-களில் பெஷாவர் எல்லையில் ஆங்கிலேய அதிகாரி ஹாரி லம்ஸ்டென் திரட்டிய படையிலிருந்து பரவியது அது. புழுதியைக் குறிக்கும் பாரசீகச் சொல்லே அதன் பெயர். அப்படியானால் புதுச்சேரிக் காவலர், ஆங்கிலப் பேரரசை உடலிலும் பிரெஞ்சுப் பேரரசைத் தலையிலும் தாங்கி நிற்கிறார். தொப்பியை மட்டும் காலனியச் சின்னம் என்று கழற்றிவிட்டுக் காக்கியை வைத்துக்கொண்டால், ஒரு காலனியத்தை நீக்கி இன்னொன்றுக்கு முடிசூட்டியதாகவே ஆகும்.

மேலும், 1954 நவம்பர் 1-இல் ஆட்சி கைமாறியது. 1962 ஆகஸ்ட் 16-இல் அது சட்டப்படி முழுமை பெற்றது. அதன் பின் இந்தத் தொப்பியை அணியச் சொல்ல எந்தப் பிரெஞ்சு அதிகாரியும் இங்கு இல்லை. அறுபது ஆண்டுகளுக்கு மேலாக அதைத் தொடர்ந்தது இந்திய நிர்வாகம். அணிந்தது இம்மண்ணின் பிள்ளைகள். கடற்கரைச் சாலையின் போர் நினைவுச் சின்னம், பிரெஞ்சு இந்தியாவிலிருந்து சென்று முதல் உலகப் போரில் மாண்டவர்களுக்கானது. 'சொல்தா' என்று நாம் அழைக்கும் முன்னாள் பிரெஞ்சுப் படைவீரர்களின் குடும்பங்கள் இன்றும் நம் தெருக்களில் வாழ்கின்றன. பிரான்ஸின் சீருடைக்குள் தமிழ் உடல்கள் இருந்தன என்பது இந்நகரத்தின் வரலாறு. அதன் கண்ணுக்குத் தெரியும் மிச்சங்களில் ஒன்று இந்தத் தொப்பி.

அதற்காக, சுற்றுலாவுக்கு அழகு சேர்க்கிறது என்ற ஒரே காரணத்துக்காக அதைக் காக்க வேண்டும் என்பதில் எனக்கு உடன்பாடில்லை. காவலர் காட்சிப் பொருளல்லர். சித்திரை வெயிலில் சாலை நடுவே மணிக்கணக்கில் நிற்பவருக்கு அத்தொப்பி நிழல் தருகிறதா, வியர்வையைத் தாங்குகிறதா, கலவரத்தில் கல் விழும்போது எதைத் தருகிறது என்பன தொப்பியின் நிறத்தைவிட முக்கியமான கேள்விகள். காற்று புகும் துணியில், இலேசான அமைப்பில் அதே தொப்பியைத் தைக்க முடியும். ஆபத்தான பணிக்குத் தலைக்கவசம், அணிவகுப்புக்கும் விழாவுக்கும் கெப்பி என்று வகுத்துக்கொள்ளவும் முடியும். ரஷியப் பனியனே பட்டையின் அகலத்தையும் வரியின் நிறத்தையும் மாற்றிக்கொண்டுதான் ஒன்றரை நூற்றாண்டு தாக்குப்பிடித்திருக்கிறது.

ஆகவே ஒரே சீருடை என்ற யோசனை மீண்டும் மேசைக்கு வரும்போது, புதுச்சேரி அரசு முதலில் கேட்க வேண்டியது வரலாற்று அறிஞர்களையோ சுற்றுலாத் துறையையோ அல்ல. தொப்பியைத் தலையில் சுமக்கும் காவலர்களை. அது தங்களுக்குச் சுமை என்று அவர்கள் சொன்னால், எவ்வளவு அழகான மரபானாலும் அருங்காட்சியகத்தின் கண்ணாடிப் பேழைக்குள் அதை மரியாதையோடு வைத்துவிடலாம். தங்களுடையது என்று அவர்கள் சொன்னால், எங்கோ தீட்டப்படும் ஒற்றைச் சீருடைக்காக அதைக் கழற்றச் சொல்லும் உரிமை எவருக்கும் இல்லை. வேலூர்க் கோட்டையில் 1806-இல் கேட்கப்படாமல் போன கேள்வி அது. இம்முறையேனும் கேட்டுவிட்டு முடிவெடுப்போம்.