சிரிப்பை எழுதியவர்



வேலை முடிந்து, குளித்துச் சாப்பிட்டு, இரவில் குடும்பமாகத் தொலைக்காட்சியின் முன் உட்காருகிறோம். நகைச்சுவை நடிகர் ஒருவர் ஏதோ ஒன்று சொல்கிறார். பாட்டி முதல் பேரன் வரை எல்லாரும் விழுந்து விழுந்து சிரிக்கிறோம். "என்னமாய்ப் பேசுகிறான் பார்!" என்று நடிகரைப் பாராட்டுகிறோம். ஆனால் அந்தப் பேச்சை முதலில் நினைத்தவர் யார்? பெரும்பாலும் அந்த நடிகர் அல்லர். எங்கோ ஓர் அறையில், ஒரு வெள்ளைத் தாளின் முன் தனியாக உட்கார்ந்திருந்த எழுத்தாளர் அவர். நிகழ்ச்சியின் முடிவில் அவர் பெயர் திரையில் ஓடும். அதற்குள் நாம் எழுந்து பாயை விரிக்கப் போயிருப்போம்.

அத்தகைய எழுத்தாளர் ஒருவரின் வாழ்க்கையைத்தான் இன்று உங்களுக்குச் சொல்லப் போகிறேன். அவர் பெயர் எடி பிரேபன். 1930ஆம் ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள், இங்கிலாந்தின் துறைமுக நகரமான லிவர்பூலில் பிறந்தவர். தந்தையார் சந்தையில் இறைச்சி வெட்டி விற்றவர். எடி பிரேபனும் விமானப்படையில் கட்டாயச் சேவையை முடித்துவிட்டு, அதே நகரத்துச் சந்தையில் காய்கறி, பழம் விற்கும் கடை போட்டார். பல்கலைக்கழகத்தின் பக்கம் போனவர் அல்லர். அவருடைய பள்ளிக்கூடமெல்லாம் அந்தச் சந்தைதான்.

சந்தை என்றால் உங்களுக்குத் தெரியாததா? பேரம் பேசுகிறவர் ஒருவர், பழத்தை அமுக்கிப் பார்த்துவிட்டு வாங்காமல் போகிறவர் ஒருவர், ஊர்க்கதை பேசவே வருகிறவர் ஒருவர். பிரேபன் இவர்களையெல்லாம் கவனித்தார். அவர்கள் பேச்சைக் காதில் வாங்கினார். பழம் போட்டுக் கொடுக்கும் காகிதப் பைகளின் மேலேயே நகைச்சுவைத் துணுக்குகளைக் கிறுக்கி வைத்தார். அவற்றை வானொலி நகைச்சுவையாளர்களுக்கு அனுப்பினார்.

அவர் விற்ற முதல் துணுக்கை வாங்கியவர் சார்லி செஸ்டர் என்னும் நகைச்சுவையாளர். விலை 2 ஷில்லிங் 6 பென்ஸ். அதாவது ஒரு பவுனில் எட்டில் ஒரு பங்கு. அந்தத் துணுக்கு இதுதான்: ஹோப்பலாங் கேசிடி என்ற குதிரை வீரன், படங்களில் வரும் கௌபாய். அவன் பிறந்தபோதே கௌபாய் ஆவான் என்று அவன் தாய்க்குத் தெரிந்துவிட்டதாம். எப்படி? குழந்தைக்குக் கட்டிய துணியே பத்து காலன் அளவாம்! கௌபாய்கள் அணியும் பெரிய தொப்பிக்கு ஆங்கிலத்தில் 'பத்து காலன் தொப்பி' என்று பெயர். தலையில் இருக்க வேண்டியதை இடுப்புக்குக் கொண்டுவந்தார், அவ்வளவுதான். கேட்பவர் ஒன்றை எதிர்பார்க்க, வேறொன்று வந்து நிற்கிறது. அந்த ஒரு நொடித் திகைப்புதான் சிரிப்பாக வெடிக்கிறது.

ஒரு துணுக்கு எழுதுவது எளிது. வாரந்தோறும் எழுதுவதுதான் கடினம். லிவர்பூல்காரரே ஆன கென் டாட் என்னும் நகைச்சுவையாளருக்குப் பிரேபன் பத்தாண்டுகளுக்கும் மேலாக எழுதினார். கென் டாட் மேடையில் மூச்சு விடாமல் துணுக்குகளைக் கொட்டியவர். கொட்டுகிறவருக்குக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டுமே! அந்தப் பயிற்சி பிரேபனின் கையைத் தேர்ந்த கையாக்கியது.

நேயர்களே, 1969ஆம் ஆண்டில்தான் அவர் வாழ்வில் பெரிய திருப்பம் ஏற்பட்டது. எரிக் மோர்கம், எர்னி வைஸ் என்று ஓர் இரட்டையர். 1941 முதல் சேர்ந்து மேடையேறியவர்கள். 1968 நவம்பரில் எரிக்குக்கு மாரடைப்பு வந்தது. அதுவரை அவர்களுக்கு எழுதிவந்த இரண்டு எழுத்தாளர்களும் வேறிடம் போய்விட்டனர். உடல்நலமும் போய், எழுத்தும் போய் நின்ற வேளையில், பி.பி.சி. பல்சுவைப் பிரிவின் தலைவராக இருந்த பில் காட்டன் பிரேபனை அழைத்தார். பிரேபன் தயங்கினார். தனக்குத் துணுக்கு எழுதத்தான் தெரியும், நாடகக் காட்சி எழுதித் தெரியாது என்றார். எதற்கும் அந்த இருவரையும் ஒருமுறை நேரில் பார்ப்போம் என்று லண்டனுக்குப் போனார்.

அங்கே அவர் கண்டது என்ன? மேடையில் எரிக் ஒரு முட்டாள். எர்னி அவரைக் கடிந்துகொள்கிறவர். மக்கள் அறிந்தது அதுதான். ஆனால் அறைக்குள் உட்கார்ந்து பேசும்போது, அவர்கள் இருவரும் கூடப் பிறந்த அண்ணன் தம்பி போல் இருந்தார்கள். ஒருவர் தொடங்கிய பேச்சை மற்றவர் முடித்தார். ஒருவர் மேல் மற்றவருக்கு அத்தனை அன்பு. "இந்த அன்பு மேடையில் தெரியவில்லையே!" என்று பிரேபனுக்குப் பட்டது. சந்தையில் மனிதர்களைப் பார்த்துப் பழகிய கண் அல்லவா?

அந்த அன்பையே அவர் எழுதினார். எர்னியைத் தற்பெருமை பிடித்த நாடகாசிரியராக மாற்றினார். தான் எழுதும் நாடகங்கள் உலக மகா காவியங்கள் என்று எர்னி நம்புவார். அவை படுமோசமாக இருக்கும். எரிக் தம் நண்பரை எந்நேரமும் கேலி செய்வார். ஆனால் வேறு யாராவது எர்னியைக் கேலி செய்தால் பொறுக்கமாட்டார். இருவரும் ஒரே வீட்டில் குடியிருப்பதாகவும், ஒரே கட்டிலில் படுத்துக்கொண்டு பேசுவதாகவும் பிரேபன் காட்சி அமைத்தார். இதைப் பார்ப்பவர்கள் என்ன நினைப்பார்களோ என்று எரிக் முதலில் மறுத்தார். "லாரல், ஹார்டி இருவரும் செய்தார்களே!" என்று பிரேபன் எடுத்துச் சொன்னதும் இசைந்தார். அந்தக் கட்டில் காட்சி பின்னர் நாடு முழுவதும் பேர் பெற்றது.

பெரிய மனிதர்களை அழைத்து வந்து அவமரியாதை செய்வது இன்னொரு வேடிக்கை. பீட்டர் கஷிங் என்ற திரைப்பட நடிகர் 1969இல் வந்து நடித்தார். நடித்ததற்குச் சம்பளம் வரவில்லை என்று, பிந்திய ஆண்டுகளிலும் நிகழ்ச்சியின் நடுவே திடீரென நுழைந்து கேட்டுக்கொண்டே இருப்பார்! சம்பள நாளின் அருமை அறிந்த நமக்கு அந்த வேடிக்கையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

1971ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் இரவில் வந்த காட்சி எல்லாவற்றிலும் புகழ்பெற்றது. லண்டன் சிம்பொனி இசைக்குழுவின் தலைமை நடத்துநராக இருந்த ஆந்த்ரே பிரெவின் விருந்தினராக வந்தார். கிரீக் என்னும் இசை மேதை இயற்றிய பியானோ இசையை எரிக் வாசிக்க வேண்டும். எரிக் தட்டுவதோ கர்ணகொடூரம். பிரெவின் கோபத்தோடு கேட்கும்போது, எரிக் அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டு மிகவும் நிதானமாக விளக்கம் சொல்கிறார்: தாம் வாசிக்கும் சுரங்கள் எல்லாம் சரியானவைதாமாம், வரிசைதான் கொஞ்சம் முன்பின்னாக இருக்கலாமாம்! இந்தக் காட்சியின் கரு புதியதன்று. முந்திய எழுத்தாளர்கள் சிறியதாக எழுதியிருந்ததைப் பிரேபன் எடுத்து வளர்த்துப் புதிதாக்கினார். காட்சி முழுவதிலும் பிரெவின் சிரிக்கவே இல்லை. அவர் சிரிக்காததால்தான் நாடே சிரித்தது.

இனி, சிரிப்பில்லாத பகுதிக்கு வருகிறேன். நமக்குத் தீபாவளி எப்படியோ, அப்படி அந்த நாட்டாருக்குக் கிறிஸ்துமஸ். அன்றிரவு மோர்கம், வைஸ் நிகழ்ச்சியைப் பார்ப்பது குடும்ப வழக்கமாகிவிட்டது. 1977ஆம் ஆண்டுக் கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியை 2 கோடிக்கும் அதிகமானோர் பார்த்தனர். அத்தனை பேரையும் சிரிக்க வைக்கும் பாரம் யார் தலையில்? சென்ற ஆண்டைவிட இந்த ஆண்டு நன்றாக இருக்க வேண்டும் என்று நாடே எதிர்பார்க்கும். பிரேபன் காலையில் உட்கார்ந்தால் நள்ளிரவு வரை எழுதினார். எழுதியதைக் கிழித்துப்போட்டு மறுபடியும் எழுதினார். எழுபதுகளின் தொடக்கத்தில் நரம்புத் தளர்ச்சி கண்டு படுத்துவிட்டார். அவர் எழுத வேண்டியதைச் சில காலம் மற்றவர்கள் எழுத வேண்டியதாயிற்று. கோடிக்கணக்கானோரைச் சிரிக்க வைத்தவர், தம் வீட்டில் தூக்கமில்லாமல் கிடந்தார். பால் மரம் சீவுகிறவரின் உழைப்பு டயரில் தெரிவதில்லை. எழுதுகிறவரின் உழைப்பும் சிரிப்பில் தெரிவதில்லை.

உடல் தேறிய பின் பிரேபன் மீண்டும் எழுதினார். 1984இல் எரிக்கும் 1999இல் எர்னியும் மறைந்தனர். இருவரையும் நினைவுகூரும் மேடை நாடகம் ஒன்றில் பிரேபனும் சேர்ந்து எழுதினார். அது 2001இல் லண்டனில் அரங்கேறி, மறு ஆண்டு ஒலிவியே விருதைப் பெற்றது. 2013ஆம் ஆண்டு மே மாதம் 21ஆம் நாள், தம் 82ஆம் வயதில் அவர் காலமானார். அப்போது நாளேடுகள் அவரைப் பற்றி எழுதின. வாழ்ந்த காலத்தில் தெருவில் நடந்துபோனால் அவரை அடையாளம் கண்டுகொள்வார் அரிது.

நேயர்களே, இதை நான் ஏன் சொல்கிறேன்? என் வகுப்பில் ஒரு மாணவன் இருந்தான். கிராணி நடப்பது போல் நடப்பான். மண்டோர் பேசுவது போல் பேசுவான். கடைசியில் நான் இருமுவது போலவும் இருமினான். நான் அவனை வாங்கின் மேல் நிற்க வைத்தேன். "படிப்பைக் கவனிக்காமல் கோமாளித்தனம் செய்கிறாயா?" என்று அதட்டினேன். எடி பிரேபனின் வாழ்க்கையை அறிந்த பிறகு, நான் செய்தது பாதிதான் சரி என்று உணர்ந்தேன். அவன் கவனிக்காத பையன் அல்லன். எல்லாரையும்விட அதிகமாகக் கவனித்தவன் அவனே. மறுநாள் அவனிடம் ஒரு நோட்டுப் புத்தகத்தைக் கொடுத்தேன். "நீ செய்து காட்டுவதையெல்லாம் இதில் எழுதிக்கொண்டு வா. ஆனால் ஒன்று: யாரைப் பற்றி எழுதுகிறாயோ அவரும் படித்துச் சிரிக்க வேண்டும்" என்றேன். முதலில் அரைப் பக்கம் எழுதினான். பிறகு நோட்டுப் புத்தகம் போதவில்லை.

பெற்றோர்களே, உங்கள் வீட்டிலும் அப்படி ஒரு பிள்ளை இருக்கலாம். வாயை அடக்குமுன், அதன் கையில் ஒரு பென்சிலைக் கொடுத்துப் பாருங்கள். இன்றிரவு நகைச்சுவை நிகழ்ச்சி பார்த்தால், முடிந்தவுடன் எழுந்துவிடாதீர்கள். ஓடும் பெயர்களில் எழுதியவர் பெயர் எது என்று பிள்ளையை விட்டுப் படிக்கச் சொல்லுங்கள்.