மணி ஒலிக்கும் குன்றும் கேட்கப்படாத கேள்வியும்

போரில் தோற்ற ஜப்பானில், டோக்கியோவின் உவெனோ ரயில் நிலையச் சுரங்கப்பாதைகளில் பெற்றோரை இழந்த சிறுவர்கள் படுத்துறங்கினார்கள். பொலிஸார் அவர்களைப் பிடித்துச் செல்வதை 'கரிகோமி' என்றார்கள். வேட்டை என்று பொருள். அடைக்கப்பட்டவர்களில் பலர் தப்பியோடினார்கள்.

இந்த அடங்காத சிறுவர்களையே கதைமாந்தராக்கியது, என்.எச்.கே. வானொலி 1947 முதல் 1950 வரை ஒலிபரப்பிய 'மணி ஒலிக்கும் குன்று' நாடகம். போர்முனையிலிருந்து திரும்பும் ஒருவர் அவர்களுக்கு இல்லம் அமைக்கிறார். எழுதியவர் கிகுதா கசுவோ. எழுதச் சொன்னது அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம்.

என்னை உறுத்துவது இதுதான். நகரங்களை எரித்தவர்களிடமே ஒலிபரப்புத் தணிக்கையும் இருந்தது. நாடகத்துச் சிறுவன் பெரியவர்களை எதிர்க்கலாம். தன் தாயைக் கொன்ற குண்டு யாருடையது என்று அவன் கேட்டால், அது ஒலிபரப்பாகாது.