கனவும் கலங்கரை விளக்கமும்: பெயரில்லாத ஒரு பெருந்தச்சன்

இருளிற் செல்வோர்க்கு வழிகாட்டுவது விளக்கு. துயில்வோர்க்கு வரப்போவதைக் காட்டுவது கனவு என்பது பழந்தமிழர் நம்பிக்கை. இவ்விரண்டையும் இணைத்து, கனவு காட்டிய ஆபத்தினூடே செல்லும் பயணிக்குத் துணையாக ஒரு கருவியை அமைத்த கம்மியனைத் தமிழ்ப் புலவர் எவரேனும் படைத்தனரா? அத்தகையோன் ஒருவன் சீவக சிந்தாமணியில் உளன். அவனுடைய சிறப்பை உணர்வதற்கு, விளக்கும் கனவும் நம் இலக்கியத்தில் எவ்வாறு அமைந்தன என்பதை முதலில் நோக்குவோம்.

'கரைதல்' என்பதற்கு அழைத்தல் என்பது ஒரு பொருள். காக்கை கரைந்தது என்னும் வழக்கு இன்றும் உண்டு. ஆகவே, கலங்கரை விளக்கம் என்பது கலங்களை அழைக்கும் விளக்கம் ஆகும். சிலப்பதிகாரத்தின் பழைய உரையும் இப்பொருளையே தருகின்றது. பெரும்பாணாற்றுப்படை, நீர்ப்பெயற்று என்னும் கடற்றுறையில் ஏணி சார்த்தப்பெற்ற உயர்ந்த மாடத்தின் மீது இரவில் ஏற்றிய விளக்கைக் கூறும். அகநானூற்றின் 255ஆம் பாட்டில் மருதன் இளநாகனார், மாடத்து எரியும் ஒளியை நோக்கிக் கலத்தைச் செலுத்தும் மீகாமனைக் காட்டுகின்றார். இவ்விளக்குகள் யாவும் 'இங்கு வருக' என அழைப்பன.

எல்லாக் கலங்கரை விளக்கமும் அழைப்பதன்று. இலங்கையின் தென்கிழக்குக் கடலில், கடற்பாறைகளின் மீது 1873இல் கிரேட் பாசஸ் விளக்கமும் 1878இல் லிட்டில் பாசஸ் விளக்கமும் ஒளிரத் தொடங்கின. அவை 'இங்கு வாரற்க' என எச்சரிப்பன. அழைப்பதும் விலக்குவதும் ஆகிய இரு பணிகளும் வழிகாட்டலின் இரு கூறுகளே. கடலினின்று நெடுந்தொலைவில், மலைநாட்டில் வாழும் நமக்கும் இவ்வுண்மை புதிதன்று. மகாவலிக் கரையிலுள்ள கட்டுகஸ்தோட்டையின் பெயரில், சிங்கள மொழிப்படி, முள்ளும் மரமும் துறையும் அடங்கியுள்ளன. பாலமில்லாத காலத்தில் ஆற்றுத்துறையைக் கடந்தோர், இறங்கத்தக்க இடத்தோடு இறங்கத்தகாத இடத்தையும் அறிந்தே கால்வைத்திருப்பர்.

இனி, கனவை நோக்குவோம். சிலப்பதிகாரத்தில் மூவர் காணும் கனவுகள் கதையின் போக்கோடு பிணைந்துள்ளன. தானும் கணவனும் ஒரு பெரு நகருக்குச் சென்றதாகவும், அங்கு அவன்மீது பொய்ப்பழி சுமத்தப்பட்டதாகவும் கண்ணகி கனாக் கண்டு தேவந்தியிடம் உரைக்கின்றாள். மதுரைப் புறஞ்சேரியில் கோவலன் தான் கண்ட தீக்கனவை மாடலனுக்குக் கூறுகின்றான். பாண்டிமாதேவி, வெண்கொற்றக்குடையும் செங்கோலும் வீழக் கண்டு அரசனிடம் அறிவிக்கின்றாள். இம்மூன்றும் விலக்கும் விளக்குகள். பாறை எங்குள்ளது என்பதைத் தெளிவாகக் காட்டியவை. எனினும் ஒருவரேனும் காப்பாற்றப்படவில்லை. தேவந்தி கூறிய பரிகாரத்தைப் பெருமையன்று எனக் கண்ணகி மறுக்கின்றாள். கனவைக் கேட்ட பின்னரும், பொழுது சாயுமுன் மதுரை நகரினுட் புகுக என்னும் அறிவுரையே கோவலனுக்குக் கிடைக்கின்றது. கோப்பெருந்தேவியின் கனவை அரசன் கேட்ட வேளையில், கண்ணகி வாயிலை அடைந்துவிடுகின்றாள். ஒளி இருந்தது, கலத்தைத் திருப்பும் சுக்கான் இல்லை.

மணிமேகலையில் நிலை வேறு. கடலைக் காவல் செய்யும் மணிமேகலா தெய்வம் மாதவியின் கனவிலும் தோன்றுகின்றது. மணிமேகலையைத் தீவுக்கு எடுத்துச் சென்று நெறியும் காட்டுகின்றது. ஆயின், ஈண்டு வழிகாட்டுவது தெய்வம்; மனிதக் கைவினை அன்று.

கனவுக்கு மனிதக் கைவினையால் விடை கண்டவர் திருத்தக்கதேவரே. அசோக மரம் ஒன்று வீழ்வதாகவும், அதன் அடியினின்று முடியும் எட்டு மாலைகளும் உடைய முளை தோன்றுவதாகவும் அரசி விசயை கனவு காண்கின்றாள். முளை மகனைக் குறிக்கும். வீழ்ந்த மரம் தனக்கு வரும் கேட்டைக் குறிக்கும் என அரசன் சச்சந்தன் உணர்கின்றான். உணர்ந்ததோடு அமையாது, தேவதச்சனாகிய மயனோ என ஐயுறத்தக்க பெருந்தச்சன் ஒருவனை அழைத்து, வானில் இயங்கும் ஊர்தி ஒன்றைச் செய்யப் பணிக்கின்றான். துணி, பயின், நூல், அரக்கு, மெழுகு முதலிய எளிய பொருள்களால் மயிற்பொறி உருவாகின்றது. பொறியை வலப்புறம் திருகின் மேலெழும்; இடப்புறம் திருகின் கீழிறங்கும். கருவுற்றிருந்த விசயை அதனைச் செலுத்தப் பயில்கின்றாள். கட்டியங்காரன் அரண்மனையை வளைத்த அன்று, அப்பொறியே அவளை வெளியே கொண்டுசெல்கின்றது. பகைவனின் வெற்றி முரசு கேட்டு அவள் மயங்க, பொறி சுடுகாட்டில் இறங்குகின்றது. சீவகன் அங்கே பிறக்கின்றான்.

ஈண்டு நாம் கருதத்தக்கது ஒன்றுண்டு. கனவு வீழ்ச்சியைத் தடுக்கவில்லை, சச்சந்தன் மாண்டான். ஆயினும் கனவைக் கண்டவள், அதன் பொருளை உணர்ந்தவன், அதற்கேற்ற கருவியைச் செய்தவன் ஆகிய மூவரும் கூடியதால் முளை பிழைத்தது. சிலம்பில் முதல் இருவரே உளர், மூன்றாமவன் இல்லை. கனவினூடே வழிகாட்டும் கலங்கரை விளக்கம் எனத் தக்கது இம்மயிற்பொறியே.

எனினும், அம்மூன்றாமவனுக்கு நூலில் பெயர் இல்லை. எகிப்திய அலெக்சாந்திரியாவில் கி.மு. 3ஆம் நூற்றாண்டில் எழுந்த பாரோசு என்னும் கலங்கரை விளக்கத்தோடு சோசுதிராத்தசு என்பானின் பெயர் நின்று நிலவுகின்றது. அவன் பெயரைப் பொறிக்க இசைந்த மன்னனின் பெருந்தன்மையை உரோமானிய அறிஞர் பிளினி பாராட்டுகின்றார். நம் மரபோ பொறியை நினைவிற் கொண்டு, அதைச் செய்தவனைப் 'பெருந்தச்சன்' என்னும் பொதுப்பெயரோடு விட்டுவிட்டது. அவன் கற்பனை மாந்தனே. ஆயினும் இக்குறை கற்பனை அன்று. நீர்ப்பெயற்றின் மாடத்தைக் கட்டியவனையும், நாள்தோறும் ஏணியேறி விளக்கிட்டவனையும் நாம் அறியோம்.

கனவுகளை ஆராய்ந்த அளவிற்கு அவற்றைக் கருவியாக்கிய கைகளை நம் இலக்கிய ஆய்வு ஆராயவில்லை. சிந்தாமணியை இவ்வகையில் மீண்டும் பயில்வோர்க்கு, அரசரும் புலவரும் மட்டுமன்றி, தச்சரும் கொல்லரும் மீகாமரும் வாழ்ந்த ஒரு தமிழகம் புலப்படும்.