உங்களுக்குத் தெரியுமா? மரத்திலிருந்து விழுந்தால் ‘டபிள்யூ 14’

இலங்கையில் அரச வைத்தியசாலைகளில் மக்கள் தங்கிச் சிகிச்சை பெறுவதற்கு முதற்காரணம் காயங்கள். கண்டி தேசிய வைத்தியசாலை உட்பட எல்லா இடங்களிலும், நோயாளி வீடு திரும்பியபின் அவருடைய நோயறிதல் உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. 10 நோய் வகைப்பாட்டுப் பட்டியல்படி குறியீடாக மாறுகிறது.

மண்டையோட்டுக்குள் நேரும் காயங்கள் எஸ் 06. மூளை அதிர்ச்சி மட்டும் என்றால் எஸ் 06.0, மண்டையோட்டுக்கும் மூளையின் வெளியுறைக்கும் நடுவே இரத்தம் கசிந்தால் எஸ் 06.4, அந்த உறைக்குக் கீழே கசிந்தால் எஸ் 06.5. நோயாளியின் சிகிச்சைக் குறிப்புகள் உள்ள டிக்கெட்டில் ‘தலைக்காயம்’ என்று மட்டும் எழுதிவிட்டால் எஸ் 09.9தான் மிஞ்சும். அதை வைத்துக்கொண்டு சுகாதாரச் சேவைகளைச் சரியாகத் திட்டமிட முடியாது.

காயம் எப்படி நேர்ந்தது என்பதற்கும் தனிக் குறியீடு உண்டு. கண்டியைச் சுற்றியுள்ள மலைக் கிராமங்களில் கித்துள் பாளை சீவவும் பலாக்காய் பறிக்கவும் மரமேறுகிறார்கள். மரத்திலிருந்து விழுவது டபிள்யூ 14. வீட்டு வளவில் விழுந்தால் டபிள்யூ 14.0, பயிர்த்தோட்டத்தில் என்றால் 14.7. மோட்டார் சைக்கிளில் போனவர் அடிபட்டால் வி 20 முதல் வி 29 வரை.

உங்கள் வீட்டில் யாருக்காவது தலையில் அடிபட்டால், எங்கே, எப்படி விழுந்தார் என்பதை வைத்தியரிடம் தெளிவாகச் சொல்லுங்கள்.