உங்களுக்குத் தெரியுமா? 30 லட்சம் வாங்கினால் 62 லட்சம்!

விருத்தாசலம் செராமிக் தொழிற்பேட்டையில் சுட்டெடுக்கும் பீங்கான் ஃபியூஸ் கட்டையும் அகல் விளக்கும் ஊர் ஊராகப் புது வீடுகளுக்குப் போகின்றன. அவற்றில் பல வீடுகள் வங்கிக் கடனில் எழுந்தவை. கடன் கேட்டுப் போகிறவர் முதலில் விசாரிப்பது, 'மாசம் எவ்வளவு கட்டணும்?' என்பதைத்தான். 'மொத்தம் எவ்வளவு ஆகும்?' என்று கேட்பவர் குறைவு. இந்த வாரத் துணுக்குகள் அந்த இரண்டாவது கேள்விக்கானவை. வேறு விதமாகச் சொல்லாத இடங்களில் எல்லாம் கணக்கு ஒன்றுதான்: கடன் 30 லட்சம் ரூபாய், ஆண்டு வட்டி 8.5 சதவீதம், கெடு 20 ஆண்டு.

அசலை மிஞ்சும் வட்டி
இந்தக் கடனுக்கு மாதத் தவணை 26,035 ரூபாய். 240 தவணையும் முடியும்போது நீங்கள் கட்டியிருப்பது 62 லட்சத்து 48 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம்.

ராஜாஜி காலத்துக் கணக்கு
1938-ல் ராஜாஜி அரசு சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1932 அக்டோபருக்கு முன் வாங்கிய கடனுக்கு ஒரு விவசாயி அசலைப் போல இரண்டு மடங்கு கட்டியிருந்தால், கடன் முழுவதும் தீர்ந்ததாகவே கொள்ள வேண்டும் என்றது அந்தச் சட்டம். இன்றைய 20 ஆண்டு வீட்டுக் கடன் அந்த எல்லையைச் சற்றே தாண்டி நிற்கிறது.

71 பைசா வட்டிதான்!
கடைத்தெருவில் 'நூற்றுக்கு ரெண்டு வட்டி' என்றால் ஆண்டுக்கு 24 சதவீதம். அதே கணக்கில் 8.5 சதவீதம் என்பது நூறு ரூபாய்க்கு மாதம் 71 பைசா. இவ்வளவு மலிவான வட்டியும் அசலைத் தாண்டி வளர்வதற்குக் காரணம், அது ஓடும் 20 ஆண்டுகள்.

முதல் தவணை எங்கே போகிறது?
முதல் மாதம் கட்டும் 26,035 ரூபாயில் 21,250 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,785 ரூபாய். ஒரு தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதற்கு 12-ஆம் ஆண்டின் கடைசி வரை காத்திருக்க வேண்டும்.

ஐந்து ஆண்டு கழித்து விற்றால்?
ஐந்து ஆண்டில் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். ஆனால் கடன் குறைந்திருப்பது 3 லட்சத்து 56 ஆயிரம்தான். இன்னும் 26 லட்சத்து 44 ஆயிரம் பாக்கி. கடனில் பாதி அடைய 13 ஆண்டு 10 மாதம் ஆகும். சீக்கிரம் விற்கும் எண்ணம் இருப்பவர் இந்தக் கணக்கைப் பார்த்துவிட்டு வாங்குவது நல்லது.

3,507 ரூபாய்க்கு 9 லட்சம்
இதே கடனை 15 ஆண்டில் அடைப்பதென்றால் தவணை 29,542 ரூபாய். மாதம் 3,507 ரூபாய் கூடுதல். வட்டியில் மிச்சமாவது 9 லட்சத்து 30 ஆயிரம்.

30 ஆண்டு வேண்டுமா?
கெடுவை 30 ஆண்டாக்கினால் தவணை 23,067 ரூபாய்க்கு இறங்கும். 20 ஆண்டுக் கடனைவிட மாதம் மூவாயிரம் கூடக் குறையாது. ஆனால் வட்டி 53 லட்சத்தைத் தாண்டிவிடும். கூடுதல் சுமை 20 லட்சத்துக்கும் மேல்.

சீசன் பணம் சீக்கிரம் சேரட்டும்
பீங்கான் அகல் விளக்குக்குக் கார்த்திகைதான் சீசன். இப்படிச் சீசனில் மொத்தமாகப் பணம் பார்க்கும் தொழில்காரர்களுக்கு ஒரு செய்தி. முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் ரூபாயை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், கடைசியில் 18 தவணைகள் காணாமல் போகும். வட்டியில் சுமார் 3 லட்சத்து 70 ஆயிரம் மிச்சம். அதே ஒரு லட்சத்தை 15-ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 50 ஆயிரம்தான். கட்டும்போது 'தவணையைக் குறைக்க வேண்டாம், கெடுவைக் குறையுங்கள்' என்று எழுதிக் கொடுங்கள்.

பதின்மூன்றாவது தவணை
தீபாவளி போனஸோ, விளைச்சல் பணமோ, ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தால் 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் 6 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

முன்கூட்டிக் கட்டினால் அபராதமா?
இல்லை. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் கட்டணம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. 2026 ஜனவரி 1 முதல் அனுமதிக்கப்படும் மாறும் வட்டிக் கடன்களில், சிறு தொழிலுக்காக வாங்கியவற்றுக்கும் இந்தச் சலுகை பெரும்பாலும் உண்டு. சூளை வைத்திருப்பவர்கள் தங்கள் தொழில் கடன் பத்திரத்தையும் ஒருமுறை எடுத்துப் பார்க்கலாம்.

ஒரு சதவீதம், 69 மாதம்
வட்டி 8.5-லிருந்து 9.5 சதவீதமாக ஏறி, தவணை அப்படியே இருந்தால் 240 மாதக் கடன் 309 மாதமாக நீளும். தவணை கூடாததால் கடன்காரர் அதைக் கவனிப்பதே இல்லை. வட்டி 7.5-க்கு இறங்கும்போதும் பழைய தவணையையே கட்டினால் 205 மாதத்தில் முடிந்துவிடும். 2025-ல் பிப்ரவரி முதல் ஜூனுக்குள் ரிசர்வ் வங்கி, வங்கிகளுக்குத் தான் தரும் கடனுக்கான ரெப்போ வட்டியை ஒரு சதவீதம் குறைத்தது. அப்போது தவணையைக் குறைத்துக்கொள்ளாதவர்களுக்கே லாபம் அதிகம்.

கட்டக் கட்டக் கூடும் கடன்
2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ வட்டி 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக ஏறியது. 6.75 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கியவரின் தவணை 22,811 ரூபாய். அதே இரண்டரை சதவீதம் ஏறி அவருடைய வட்டி 9.25 ஆனால், 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டியே 23,125 ரூபாய். தவணை முழுவதும் போயும் வட்டி தீராது. மிச்ச வட்டி அசலில் ஏறும். இந்த நிலை வரக் கூடாது என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, கெடுவை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணை எல்லாம் அடங்கிய கணக்கை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும்.

டொரண்டோவில் எப்படி?
கனடாவில் வீட்டுக் கடனை 25 ஆண்டு கணக்கில் போட்டாலும், வட்டி ஒப்பந்தம் பெரும்பாலும் ஐந்து ஆண்டுக்குத்தான். அது முடிந்ததும் அன்றைய வட்டிக்குப் புதுப்பிக்க வேண்டும். 2022-23-ல் வட்டி ஏறியபோது, தவணை மாறாத மாறும் வட்டிக் கடன் வாங்கிய பலருக்கு அங்கேயும் அசல் கூடியது.

வட்டி மைனஸில் போனாலும் செலவு உண்டு
2019 ஆகஸ்டில் டென்மார்க்கின் யூஸ்கே வங்கி 10 ஆண்டு வீட்டுக் கடனை மைனஸ் 0.5 சதவீத வட்டிக்குக் கொடுத்தது. அப்படியும் கட்டணங்களைச் சேர்த்தால் வாங்கியதைவிடச் சற்றுக் கூடுதலாகவே கட்ட வேண்டிவரும் என்றார்கள். வட்டி விகிதத்தை மட்டும் பார்த்தால் முழு விலை தெரியாது.

சுந்தரர் வைத்திருந்த மச்சம்
விருத்தாசலத்தின் பழைய பெயர் திருமுதுகுன்றம். இங்கே இறைவனிடம் 12,000 பொன் பெற்ற சுந்தரர், அதை மணிமுத்தாற்றில் போட்டுவிட்டுத் திருவாரூர்க் கமலாலயக் குளத்தில் எடுத்தார் என்பது புராணம். போடும் முன் ஒரு துண்டு வெட்டி மச்சமாக, அதாவது மாதிரியாக, வைத்துக்கொண்டார். எடுத்த பொன்னை அதோடு உரைத்துப் பார்த்தபோது மாற்றுக் குறைந்திருப்பது தெரிந்தது. கடன் வாங்குகிறவருக்கு அந்த மச்சம், முக்கிய விவரக் குறிப்பு என்ற தாள். 2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு புதிய வீட்டுக் கடனுக்கும், கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதத்தோடு, வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இதைத் தர வேண்டும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் பிறகு கேட்க முடியாது. தமிழில் கேட்டு வாங்கி, பத்திரமாக வைத்திருங்கள்.

'ஃப்ளாட்' வட்டி என்றால் உஷார்
குறையும் அசலுக்கு 8.5 சதவீதம் என்றால் 20 ஆண்டு வட்டி 32.48 லட்சம். அதே 8.5 சதவீதத்தை 'ஃப்ளாட்' கணக்கில் போட்டால் 51 லட்சம். அசல் குறைந்தாலும் முழுத் தொகைக்கே வட்டி ஓடும். தனியாரிடம் போகிறவர்கள் எந்தக் கணக்கு என்று முதலில் கேட்க வேண்டும்.

கடனுக்குள் ஒளியும் பிரீமியம்
கடனோடு ஆயுள் காப்பீட்டையும் சேர்த்து, ஒரு லட்சம் பிரீமியத்தைக் கடன் தொகையிலேயே ஏற்றிவிடுவது வழக்கம். 20 ஆண்டில் அது 2 லட்சத்து 8 ஆயிரமாகிவிடும். குடும்பத்துக்குக் காப்பீடு தேவைதான். அதை அந்த இடத்திலேயே, கடனோடு சேர்த்துத்தான் வாங்க வேண்டும் என்று சட்டம் இல்லை.

வங்கி தராத பணம்
30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதமும், அதற்கு மேல் 75 லட்சம் வரை 80 சதவீதமும் வங்கி தரலாம். 10 லட்சத்துக்கு மேற்பட்ட வீடென்றால் முத்திரைத் தீர்வையையும் பதிவுக் கட்டணத்தையும் அந்த மதிப்பில் சேர்க்க முடியாது. தமிழ்நாட்டில் கிரயத்துக்கு இரண்டும் சேர்ந்து 9 சதவீதம். 35 லட்சம் வீட்டுக்கு இது மட்டும் 3 லட்சத்து 15 ஆயிரம்; கையிலிருந்துதான் போக வேண்டும். 10 லட்சம் வரையிலான சொத்தைப் பெண்கள் பெயரில் பதிந்தால், 2025 ஏப்ரல் முதல் பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதம் குறைவு.

வங்கி மாறினால்
பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. ஆவணத்துக்குக் கடன் தொகையில் அரை சதவீதம் முத்திரைத் தீர்வை உண்டு. வேறு வங்கிக்கு மாற்றினால் புதிதாக எம்.ஓ.டி. போட வேண்டும். 25 லட்சம் பாக்கிக்குத் தீர்வை மட்டும் 12,500 ரூபாய். பதிவுக் கட்டணமும் பரிசீலனைக் கட்டணமும் தனி. கால் சதவீத வட்டி குறைந்தால் முதல் ஆண்டில் மிச்சமாவது சுமார் 6,250 ரூபாய். மாறுவதற்கு முன், வட்டியைக் குறைக்க முடியுமா என்று இப்போதைய வங்கியிலேயே கேட்டுப் பாருங்கள்.

அரசு தரும் கை
பிரதமர் நகர்ப்புற வீட்டுத் திட்டம் 2.0-ல், ஆண்டு வருமானம் 9 லட்சம் வரை உள்ள, சொந்தமாகப் பக்கா வீடு இல்லாத குடும்பத்துக்கு வட்டி மானியம் உண்டு. வீட்டு மதிப்பு 35 லட்சத்துக்குள், கடன் 25 லட்சத்துக்குள் இருக்க வேண்டும். முதல் 8 லட்சத்துக்கு 4 சதவீதம் என்ற கணக்கில் அதிகபட்சம் 1 லட்சத்து 80 ஆயிரம், ஐந்து தவணையாகக் கிடைக்கும். நகராட்சியான விருத்தாசலத்தில் இருப்பவர்கள் விசாரிக்கலாம்.

வரிச் சலுகை எல்லோருக்கும் இல்லை
குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையைத் தேர்ந்தெடுத்தவருக்கு அது கிடையாது. வரி மிச்சமாகும் என்று நம்பிக் கடனைப் பெரிதாக்குவதற்கு முன், நீங்கள் எந்த முறையில் இருக்கிறீர்கள் என்று பாருங்கள்.

ஓய்வுக்குப் பிறகும் தவணையா?
தமிழ்நாடு அரசு ஊழியரின் ஓய்வு வயது 60. 42 வயதில் 20 ஆண்டுக் கடன் வாங்கினால் கடைசி 24 தவணை ஓய்வூதியத்திலிருந்து போகும். இடையில் வட்டி ஏறிக் கெடு நீண்டால் இன்னும் கூடும்.

பத்திரம் வர எத்தனை நாள்?
கடன் முழுவதும் அடைந்தால் அசல் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இதுதான் விதி. அடைத்த கையோடு எம்.ஓ.டி.-க்கு ரசீது ஆவணம் பதிந்து, வில்லங்கச் சான்றையும் போட்டுப் பார்த்துவிடுங்கள்.

கையெழுத்துக்கு முன்
20 ஆண்டில் உங்கள் வருமானம் ஏறும், ரூபாயின் மதிப்பு இறங்கும். 26,035 ரூபாய் இன்று கனப்பதுபோல் 2040-ல் கனக்காது. வீட்டுக் கடன் வாங்குவது தவறில்லை. தவணை கட்டுப்படியாகிறதா என்று பார்த்த பிறகு, 'மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? எந்த வயதில் முடியும்? வட்டி ஒரு சதவீதம் ஏறினால் என்ன ஆகும்?' என்ற மூன்றுக்கும் எழுத்தில் பதில் வாங்குங்கள். அதுவரை பேனாவைத் திறக்காதீர்கள்.